என்னை வேவு பார்த்த தம்பிக்கு என்ன கிடைத்தது?

(நேரடி நெல் கொள்முதல் நிலையத்தின் முன் நடக்கவிருக்கும் காத்திருப்புப் போராட்டத்தை விளக்கி நடந்த கிராமக் கூட்டத்தில், சங்கத்தின் ஒன்றியச் செயலாளர் பேசியதன் எழுத்து வடிவம்.)

பெரியோர்களே, தாய்மார்களே, வயலில் இருந்து கால் கழுவிக்கொண்டு நேராக இங்கே வந்து உட்கார்ந்திருக்கிற விவசாயத் தோழர்களே, எல்லோருக்கும் என் வணக்கம்.

அதோ, புளியமரத்தடியில் பைக்கைச் சாய்த்து வைத்துவிட்டு நிற்கிறாரே, அந்தத் தம்பிக்கும் வணக்கம். தம்பி, முன்னாடி வந்து உட்காருங்க. மைக்செட் கொஞ்சம் கரகரங்குது. அங்கே நின்னா சரியாக் காதுல விழாது. நான் ஒண்ணு சொல்ல, நீங்க ஒண்ணு எழுதிடுவீங்க. அப்புறம் ரெண்டு பேருக்கும் வம்பு. (சிரிப்பு)

கோரிக்கைகளை நோட்டீஸில் அச்சடித்துக் கொடுத்துவிட்டோம். கொள்முதல் நிலையத்தை அறுவடைக்கு முன்பே திறக்க வேண்டும், மழைக் காலத்தில் ஈரப்பதத் தளர்வு வேண்டும், மூட்டைக்கு இவ்வளவு என்று கை நீட்டுவதை நிறுத்த வேண்டும், மேற்கூரை போட்ட களம் வேண்டும். இது உங்களுக்கு மனப்பாடம். இன்றைக்கு நான் பேச வந்தது வேறு விஷயம். போன மாசக் கூட்டத்துக்கு நாற்பது பேருக்கு மேல் வந்தீர்கள். போன வாரம் வந்தவர்கள் பத்தொன்பது பேர். ஏன் என்று வீடு வீடாகப் போய்க் கேட்டேன். எல்லா வீட்டிலும் ஒரே பதில்தான். "அண்ணே, போலீஸ் நம்மளை நோட்டம் பாக்குதாமே!"

ஆமாம், பார்க்கிறது. அதை நான் மறுக்கவில்லை. ஆனால் பார்த்து என்ன கண்டுபிடித்தது? அதைத்தான் சொல்லப் போகிறேன். கேட்டுவிட்டு, பயப்படுவதா சிரிப்பதா என்று நீங்களே முடிவு பண்ணுங்கள்.

பச்சைப் பயிரில் வைக்கோல் வாங்க வந்தவர்

என்னைக் கவனிப்பதற்கென்றே ஒரு தம்பியை அனுப்பியிருந்தார்கள். இங்கே நிற்கிறவர் இல்லை, இவருக்கு முன்னால் இருந்தவர். அவர் மாற்றலாகிப் போய்விட்டார். பெயர் எனக்குத் தெரியும், சொல்ல மாட்டேன். நல்ல பிள்ளை.

முதல் நாள் டீக்கடைக்கு வந்து, வைக்கோல் வாங்க வந்த வியாபாரி என்று சொல்லியிருக்கிறார். சம்பாப் பயிர் அப்போதுதான் கதிர் வாங்கிக்கொண்டு பச்சைப் பசேலென்று நிற்கிறது! வைக்கோலுக்கு இன்னும் ஒன்றரை மாசம் கிடக்கு. பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெரியவர் குனிந்து காலைப் பார்த்தார். பளபளவென்று பாலீஷ் போட்ட ஷூ. நிமிர்ந்து தலையைப் பார்த்தார். ஒட்ட வெட்டிய கிராப்பு. "தம்பிக்கு எந்த ஸ்டேஷன்?" என்று கேட்டுவிட்டார். டீக்கடைக்கார அண்ணன் டீக்குக் காசு வாங்கவில்லை. "உங்ககிட்ட எப்படி சார் காசு வாங்கறது?" சாயங்காலத்துக்குள் ஊருக்கே தெரிந்துவிட்டது. என் வீட்டை அடையாளம் காட்டச் சொல்லி ஒரு பள்ளிக்கூடப் பையனிடம் கேட்டதற்கு, அவன் கையைப் பிடித்து நேராக என் வீட்டுத் திண்ணைக்கே கூட்டி வந்து, "பெரியப்பா, உங்களை ஒளிஞ்சிருந்து பாக்கறதுக்கு ஒரு சார் வந்திருக்காரு" என்று சத்தம் போட்டான். (பலத்த சிரிப்பு)

மூன்று வாரம் போயிருக்கும். ஒரு நாள் நல்ல மழை. வாய்க்கால் கரையில் அவர் பைக் சேற்றில் இறங்கிவிட்டது. நானும் என் மச்சானும் போய்த்தான் தூக்கிவிட்டோம். பிள்ளை தொப்பலாக நனைந்து நடுங்குது. வீட்டுக்குக் கூட்டி வந்து துண்டு கொடுத்து, சூடாக நாலு இட்லி வைத்தாள் என் சம்சாரம். சாப்பிட்டுக்கொண்டிருந்தவர் அப்படியே மனசு விட்டுவிட்டார்.

"அண்ணே, இருபத்திரண்டு நாளா உங்களைப் பத்தி எழுதறேன். எழுதறதுக்கு ஒண்ணுமே இல்லைண்ணே."

நோட்டில் இருந்ததைச் சொன்னார். காலை 5.10-க்கு எழுந்தார். மாட்டுக்குத் தண்ணீர் காட்டினார். 6 மணிக்கு வயலுக்குப் போனார், அரை மணி நேரம் வரப்பில் சும்மா நின்றார். 7.30-க்கு டீ, கடன் சொன்னார். 10 மணிக்குக் கூட்டுறவு சொசைட்டி, யூரியா இல்லை என்றார்கள், திரும்பி வந்தார். மறுநாளும் சொசைட்டி, அன்றைக்கும் யூரியா இல்லை. மூன்றாம் நாள் வேளாண்மை ஆபீஸ், அதிகாரி கேம்ப் போயிருக்கிறார். சாயங்காலம் டீ, அதுவும் கடன். ராத்திரி 9 மணிக்கு விளக்கை அணைத்தார்.

தோழர்களே, என் வாழ்க்கையில் யாரும் என்னைப் பற்றி இவ்வளவு அக்கறையாகக் குறித்து வைத்ததில்லை. பெற்ற தாய்கூட நான் எத்தனை மணிக்கு எழுந்தேன் என்று எழுதி வைத்ததில்லை!

மேலே இருக்கிறவர் இதைப் படித்துவிட்டுத் திட்டினாராம். "இவ்வளவுதானா? வேற என்ன பண்றான்?" "வேற ஒண்ணும் பண்ணலை சார்." "ஒண்ணும் பண்ணாம ஒருத்தன் இருப்பானா? நல்லா மறைக்கிறான்யா. இன்னும் ஒரு வாரம் பாரு!" இதுதான் வேவு பார்க்கிற வேலையில் இருக்கிற கூத்து. ஏதாவது கிடைத்தால் நாம் குற்றவாளி. ஒன்றும் கிடைக்காவிட்டால் கெட்டிக்காரக் குற்றவாளி!

ஒரே ஒரு நாள் மட்டும் அவர்களுக்குப் பெரிய துப்பு கிடைத்துவிட்டது. போர் தண்ணீர் வைத்திருக்கிற என் சொந்தக்காரர் நவரைக்கு விதை கேட்டுப் போன் பண்ணினார். டீக்கடையில் நின்றுதான் பேசினேன். "முப்பத்தாறு கிடைக்கலைன்னா அம்பத்தொண்ணை வச்சு முடிச்சிடு. ராத்திரியே ஊறப்போட்டு, சாக்குல இறுக்கிக் கட்டி, இருட்டுல வச்சிடு. நாளன்னிக்குக் காலையில தானா வெடிச்சிரும்." உங்களுக்கு இதில் ஒன்றும் இல்லை. ஏ.டி.டி. 36, இல்லாவிட்டால் கோ 51, ஊற வைத்துக் கட்டினால் முளை வெடிக்கும். ஆனால் தாளில் படித்தவர் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டாராம். "36 யாரு? 51 யாரு? எங்கே வெடிக்கும்?" (சிரிப்பு அடங்க நேரமாகிறது)

அந்தத் தம்பி விவசாயி மகன். அவர் அப்பாவும் ரெண்டு ஏக்கர் குத்தகைதான். அது நெல் விதை என்று அவருக்குத் தெரியும். அதை மேலே புரியவைக்க ரெண்டு பக்கம் தனியாக எழுதினாராம். கடைசியில் என்னிடமே கேட்டார். "அண்ணே, நீங்களே ஏதாவது சொல்லுங்க, எழுதிக்கிறேன்." சொன்னேன். கொள்முதல் நிலையத்தில் எத்தனை நாள் காக்க வைக்கிறார்கள், 17 சதவீத ஈரப்பதத்துக்கு ஒரு புள்ளி கூடினால் எப்படித் திருப்பி அனுப்புகிறார்கள், 40 கிலோ மூட்டையில் எடை எப்படிப் போகிறது, எல்லாம் சொன்னேன். இதே விஷயத்தை நாம் மூன்று தடவை மனுவாகக் கொடுத்தோம், பதில் இல்லை. அவர் எழுதினது ஒரே ராத்திரியில் மேலே போய்ச் சேர்ந்துவிட்டது! இனிமேல் மனு கொடுக்க ஆபீசுக்குப் போக வேண்டாம், புளியமரத்துக்குப் போனால் போதும் போலிருக்கிறது.

சிரிக்க முடியாத பகுதி

சிரித்தோம். இப்போது சிரிக்க முடியாததைச் சொல்கிறேன்.

நம் ஊரில் ஒன்றரை ஏக்கர் குத்தகை பார்க்கிற ஒரு தங்கச்சி. வீட்டுக்காரர் இல்லை. ஒரு கூட்டம் விடாமல் வந்து முன் வரிசையில் உட்காரும். இப்போது வருவதில்லை. கேட்டதற்கு, "பையன் போலீஸ் வேலைக்குப் பரீட்சை எழுதியிருக்கான்ண்ணே. நாளைக்கு வெரிபிகேஷன்ல, அம்மா சங்கத்துக்குப் போறான்னு எழுதிட்டா என்ன பண்றது?" என்று அழுகிறது. அது பயப்படுவதில் தப்பே இல்லை. தனி ஆளாகப் பிள்ளையை வளர்த்த பயம் அது.

இன்னொன்று என் தப்பு. சங்கக் கூட்டம் வியாழக்கிழமை என்று போலீசுக்கு எப்படித் தெரிந்தது என்று ஒரு பேச்சு வந்தது. நம்மில் ஒருத்தர்தான் சொல்லியிருக்கணும் என்றார்கள். மேலத்தெரு மாமா மேல் சந்தேகம் போனது. டீக்கடையில் அவர் அந்தத் தம்பியோடு பேசிக்கொண்டிருந்தாராம். நானும் நம்பினேன். ரெண்டு வாரம் அவரிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. முப்பது வருஷமாக என்னோடு ஜெயிலுக்கும் மறியலுக்கும் வந்த மனுஷர், ஒரு வார்த்தை கேட்காமல் ஒதுங்கிப் போய்விட்டார். அப்புறம் என் சம்சாரம்தான் கேட்டாள். "வியாழக்கிழமை கூட்டம்னு ஆட்டோவுல மைக் கட்டி ஊரெல்லாம் கத்தினது நீங்கதானே?" (யாரும் சிரிக்கவில்லை)

மாமா இங்கேதான் உட்கார்ந்திருக்கிறார். மாமா, எல்லோருக்கும் முன்னால் கேட்கிறேன், என்னை மன்னிச்சிடுங்க.

தோழர்களே, இதைப் புரிந்துகொள்ளுங்கள். இருபத்திரண்டு நாள் வேவு பார்த்ததில் நம்மிடம் இருந்து ஒரு ரகசியமும் போகவில்லை, போவதற்கு ரகசியமே இல்லை. ஆனால் ஒரு தங்கச்சி போய்விட்டாள், ஒரு மாமா போகப் பார்த்தார். நோட்டில் எழுதினது யாருக்கும் உதவாத குப்பை. நம் மனசில் விழுந்த பயம்தான் உண்மையான சேதாரம். அதைச் செய்தது பாதி அவர்கள், மீதி நாம்.

நாம் முதல் ஆள் இல்லை

நம் பாரதியார் 1908-லிருந்து 1918 வரை பத்து வருஷம் புதுச்சேரியில் இருந்தார். அது பிரெஞ்சுக்காரன் ஊர், வெள்ளைக்கார போலீஸ் அங்கே கை வைக்க முடியாது. அதனால் ஒற்றர்களை அனுப்பி வீட்டைச் சுற்ற விட்டான். பாரதி என்ன நினைத்தார் என்பதை அறிய ஒற்றன் எதற்கு? அவர் நினைத்ததைத்தான் பத்திரிகையில் அச்சடித்துக்கொண்டிருந்தாரே! அந்தப் பாட்டு இன்றைக்கும் நம் பிள்ளைகள் வாயில் இருக்கிறது. ஒற்றன் எழுதின நோட்டை யார் தேடுகிறார்கள்?

பாரதி பெரிய மனுஷர் என்பீர்கள். நம்மைப் போல ஒரு சாதாரண ஆள் கதை கேளுங்கள். உத்தரப்பிரதேசத்தில் கரக் சிங் என்று ஒருவர். 1941-ல் ஒரு கொள்ளை வழக்கில் பிடித்தார்கள், ஆதாரம் இல்லை என்று விட்டுவிட்டார்கள். ஆனால் போலீஸ் விடவில்லை. அவர் பெயரில் ஹிஸ்டரி ஷீட் திறந்து வைத்துக்கொண்டது. ராத்திரியில் காவல்காரரும் கான்ஸ்டபிளும் வந்து கதவைத் தட்டிக் கூச்சல் போட்டு எழுப்புவார்களாம். எதற்கு? அவர் வீட்டில்தான் இருக்கிறாரா என்று பார்ப்பதற்கு! தூங்குகிறவனை எழுப்பி, தூங்குகிறாயா என்று கேட்கிற வேலை. சில ராத்திரி ஸ்டேஷனுக்கே கூட்டிக்கொண்டு போய், இருக்கிறேன் என்று சொல்ல வைத்தார்களாம். வெளியூர் போனால் அதையும் சொல்லிவிட்டுப் போக வேண்டுமாம்.

அந்த மனுஷர் சும்மா இருக்கவில்லை. உச்ச நீதிமன்றத்துக்கே போனார். 1962 டிசம்பரில் தீர்ப்பு வந்தது. ராத்திரியில் வீடு புகுந்து எழுப்புவது அரசியல் சட்டத்துக்கு விரோதம் என்று ரத்து செய்தார்கள். ஆனால் மற்ற கண்காணிப்பை விட்டுவிட்டார்கள், அந்தரங்கம் அடிப்படை உரிமை இல்லை என்றும் சொன்னார்கள். அந்தக் கடைசிப் பேச்சை மாற்ற ஐம்பத்தைந்து வருஷம் ஆனது. 2017 ஆகஸ்ட் 24-ல் ஒன்பது நீதிபதிகள் ஒருமனதாக, அந்தரங்கம் அடிப்படை உரிமைதான் என்று தீர்ப்புச் சொன்னார்கள். கரக் சிங்கின் தூக்கத்துக்கு நியாயம் கிடைக்க அவ்வளவு காலம்!

இதைவிடப் பெரிய கூத்து கிழக்கு ஜெர்மனியில் நடந்தது. மொத்த ஜனத்தொகையே சுமார் 1 கோடியே 60 லட்சம். 1989-ல் அவர்களுடைய உளவுத் துறையில் சம்பளத்துக்கு இருந்தவர்கள் மட்டும் சுமார் 91,000 பேர். அண்டை வீட்டுக்காரன், கூட வேலை பார்க்கிறவன் என்று ரகசியமாகச் சேதி சொன்னவர்கள் சுமார் 1,89,000 பேர். சந்தேகப்பட்டவன் உட்கார்ந்த இடத்தைத் துணியால் துடைத்து, அந்த வாசனையைக் கண்ணாடி ஜாடியில் அடைத்து மூடி வைத்தார்கள், நாய்க்கு மோப்பம் காட்ட! நம்ம ஊர் ஊறுகாய் ஜாடி மாதிரி வரிசையாக மனுஷன் வியர்வை வாசனை. மிஞ்சியிருக்கிற காகிதங்களை வரிசையாக அடுக்கினால் 111 கிலோமீட்டர். தஞ்சாவூரில் ஆரம்பித்தால் நாகப்பட்டினம் கடலையும் தாண்டிப் போகும்.

இத்தனை பேர் பார்த்து என்ன நடந்தது? லைப்சிக் நகரத்தில் ஜனங்கள் திங்கள்கிழமை தோறும் கூடினார்கள். ரகசியம் எதுவும் இல்லை. ஒரே கிழமை, ஒரே தேவாலயம், எல்லோருக்கும் தெரியும். 1989 அக்டோபர் 9-ல் சுமார் 70,000 பேர் ஒரு கல் எடுக்காமல் தெருவில் நடந்தார்கள். ஒரு மாசத்தில், நவம்பர் 9-ல், பெர்லின் சுவர் திறந்துவிட்டது. மறு வருஷம் ஜனவரியில் ஜனங்களே அந்த உளவுத் துறைத் தலைமையகத்துக்குள் நுழைந்தார்கள். 1992-லிருந்து அவரவர் கோப்பை அவரவரே படிக்கலாம் என்று சட்டம் வந்தது. படித்துப் பார்த்த எத்தனையோ பேருக்கு, யார் வந்தார், எப்போது போனார் என்கிற சங்கதிதான் கிடைத்தது. ஆனால் எழுதிக் கொடுத்தவன் தன் சிநேகிதன், தன் சொந்தக்காரன் என்று தெரிந்ததும்தான் நொறுங்கிப் போனார்கள். பார்த்தீர்களா? அங்கேயும் சேதாரம் அதே இடத்தில்தான்.

நாம் செய்ய வேண்டியது

முதலாவது, ஒளிக்காதீர்கள். நம் கூட்டம் மைக் கட்டித்தான் நடக்கும், தீர்மானம் பலகையில்தான் எழுதப்படும். ஆயுதம் இல்லாமல் அமைதியாகக் கூடுவதும் சங்கம் சேருவதும் அரசியல் சட்டத்தின் 19-வது பிரிவு கொடுத்த உரிமை. கூட்டத்துக்கு வந்ததற்காக வழக்கு கிடையாது. தங்கச்சிக்கு நான் சொல்வது இதுதான். வழக்கே இல்லாதபோது உன் பையன் வெரிபிகேஷனில் எழுத ஒன்றும் இல்லை. அப்படியும் யாராவது வம்பு பண்ணினால், வக்கீலோடு சங்கம் உன் வாசலில் வந்து நிற்கும். அதுவரைக்கும் நீ வீட்டில் இருந்தாலும் சரி, உன் மேல் யாருக்கும் வருத்தம் இல்லை.

இரண்டாவது, சட்டம் தெரிந்துகொள்ளுங்கள். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கிற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 179-வது பிரிவின்படி, ஒரு வழக்கில் சாட்சியாக விசாரிக்க ஆளைக் கூப்பிட எழுத்து மூலமான உத்தரவு வேண்டும். பெண்களையும் 60 வயது தாண்டிய ஆண்களையும் அவர்கள் இருக்கிற இடத்தில்தான் விசாரிக்கலாம். "சும்மா ஒரு எட்டு ஸ்டேஷனுக்கு வந்துட்டுப் போ" என்றால், மரியாதையாகக் காகிதம் கேளுங்கள். உடனே சங்கத்துக்குச் சொல்லுங்கள். போனை ஒட்டுக் கேட்கவும் இஷ்டத்துக்கு முடியாது. உள்துறைச் செயலாளர் மட்டத்தில் உத்தரவு வேண்டும், அதற்குக் கால வரம்பு உண்டு என்று 1996-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

மூன்றாவது, ஒருத்தர் மேல் ஒருத்தர் சந்தேகப்படாதீர்கள். சந்தேகம் வந்தால் நேரில் கேளுங்கள். நான் கேட்காமல் விட்டதன் வலி எனக்குத் தெரியும்.

நான்காவது, வேவு பார்க்க வருகிற பிள்ளையை விரோதியாகப் பார்க்காதீர்கள். அவர் சம்பளத்துக்கு நிற்கிறார். குடிக்கத் தண்ணீர் கொடுங்கள், நம் கோரிக்கையைப் பொறுமையாகச் சொல்லுங்கள். அவர் வீட்டு நெல்லும் எங்கேயோ ஒரு நிலைய வாசலில் நனைந்துகொண்டுதான் இருக்கும்.

கடைசியாக அரசாங்கத்துக்கு ஒரு வார்த்தை. 2025 அக்டோபர் மழையில் டெல்டாவில் கொள்முதலுக்குக் காத்துக் கிடந்த நெல் மூட்டையிலேயே முளைத்ததை ஊரே பார்த்தது. நான் எத்தனை மணிக்கு விளக்கை அணைத்தேன் என்று பார்க்க ஆள் இருக்கிறது. தார்ப்பாய் இல்லாமல் நெல் நனைவதைப் பார்க்க ஆள் இல்லையா? நான் குடித்த டீக்குக் கணக்கு இருக்கிறது. மூட்டைக்கு மூட்டை கை மாறுகிற காசுக்குக் கணக்கு இல்லையா? ஒளிந்து பார்க்க வேண்டிய அவசியமே இல்லை. பட்டப்பகலில், தராசுக்குப் பக்கத்தில் ஒரே ஒரு நாள் நில்லுங்கள். நோட்டு ஒரு மணி நேரத்தில் நிறைந்துவிடும்.

வருகிற திங்கள்கிழமை காலை 9 மணி. கொள்முதல் நிலைய வாசல். வீட்டுக்கு ஒருவர், கையில் ஒரு படி நெல், மத்தியானத்துக்குக் கட்டுச்சோறு. நேரமும் இடமும் சரியாக எழுதிக்கிட்டீங்களா தம்பி? கட்டுச்சோறு உங்களுக்கும் சேர்த்துத்தான் வரும்.

ஒளிக்க நமக்கு ஒன்றும் இல்லை! ஒதுங்கி நிற்க நமக்கு நேரமும் இல்லை!
விளைந்த நெல்லுக்கு உரிய விலை கொடு! வாசலில் காக்க வைக்காதே!
விவசாயிகள் ஒற்றுமை ஓங்குக!